மணியோசையை மீட்பார் உளரோ?

சோழ மன்னன் ஒருவன் தன் அரண்மனை வாயிலில் ஆராய்ச்சி மணி கட்டியிருந்தான் என்பதும், கன்றை இழந்த பசு ஒன்று அம்மணியின் கயிற்றை இழுத்து ஒலித்தது என்பதும், மன்னன் தன் மகனையே தேர்க்காலில் இட்டு முறை செய்தான் என்பதும் தமிழ்ப்பள்ளி மாணவர் இளமையிலேயே கேட்டறியும் வரலாறு. அரசன் மகனாயினும் ஆவின் கன்றாயினும் அறத்தின்முன் ஒன்றே என்பது அவ்வரலாறு புகட்டும் பாடமென ஆசிரியர் உரைப்பர். மாணவரும் தேர்வுத்தாளில் அவ்வண்ணமே எழுதி மதிப்பெண் பெறுவர். அப்பாடத்தில் பிழையில்லை. ஆயினும் அக்கதையில் எவரும் எழுப்பாத வினா ஒன்று உண்டு. மணி ஒலித்த பின்னர் அவ்வோசை யாருடையது?

அமைச்சன் ஒருவன் அரசனுக்கு முன்னதாக வாயிலுக்கு ஓடிவந்து, ஒரு கட்டுப் பசும்புல்லைக் காட்டி, அப்பசுவைப் பின்வழியே அழைத்துச் சென்றிருந்தால் என்ன நேர்ந்திருக்கும்? "முறையிட்ட பசு போய்விட்டது, இனி முறையீடு இல்லை, அரசர் ஓய்வு கொள்ளலாம்" என்று அவன் கூறியிருந்தால் மன்னன் மனநிறைவோடு துயின்றிருப்பானா? துயின்றிருந்தால் அவன் பெயர் இன்றளவும் நின்றிருக்குமா? இறந்த கன்று இறந்ததே. தேர் ஓடிய தெருவும் அதே தெருவே. நாளை அத்தெருவில் மற்றொரு கன்று துள்ளி வரும். ஆகவே, மணியோசை பசுவினாற் பிறந்ததேயன்றிப் பசுவுக்கு மட்டும் உரியதன்று.

இக்காலத்து ஆராய்ச்சி மணி உயர் நீதிமன்றம். அதன் கயிறு மனு. பள்ளி நிலம், கோயில் நிலம், தேர்தல் முறைகேடு, சிறையில் வாடுவோர் நிலை எனப் பொதுமக்களின் குறை எதுவாயினும், ஒருவர் முன்வந்து கையொப்பமிட்டால் அந்த மணி ஒலிக்கிறது. ஒலிக்கும் நாளில் நீதிமன்ற வாயிலிற் கூட்டம் கூடுகிறது, மாலை விழுகிறது, நாளிதழில் நிழற்படம் வெளிவருகிறது. பின்னர் ஒருநாள் அதே நாளிதழின் உட்பக்கத்தில் நான்கு வரிச் செய்தி ஒன்று காணப்படுகிறது: "மனு மீட்டுக்கொள்ளப்பட்டது." காரணம் இல்லை, நிபந்தனை இல்லை, யாரைக் கலந்து முடிவு செய்தனர் என்ற குறிப்பும் இல்லை. தொடுத்தபோது முழக்கம், மீட்டபோது முணுமுணுப்பு. இந்த முரண்பாட்டைத் தமிழ்ச் சமுதாயம் பழகிப்போன ஒன்றாக ஏற்றுக்கொண்டுள்ளது. ஏற்கத்தக்கதன்று இது. பொதுமக்களின் பெயரால் தொடுக்கப்பெற்ற மனு, தொடுத்தவரின் தனியுடைமை அன்று. அதனைத் திரும்பப் பெறுவோர் நீதிபதிக்கு மட்டுமன்றி, எவர் பெயரால் தொடுத்தனரோ அவர்களுக்கும் விடை கூறக் கடமைப்பட்டவர் ஆவர்.

சொல்லிலே தொடங்கும் பிழை

தமிழகத்தில் இச்செயலை 'வாபஸ்' என்பர். அது பாரசீகத்தினின்று வந்த சொல். மலேசிய நாளிதழ்கள் 'மீட்டுக்கொண்டார்' என எழுதுகின்றன. தமிழ்ச் சொல்லென்ற அளவில் மகிழத்தக்கதே. ஆனால் அச்சொல் எதனைக் குறிக்கிறது? அடகு வைத்த நகையை மீட்பர். பகைவர் கவர்ந்த ஆநிரையை மீட்பர். வெட்சியார் கவர்ந்ததைக் கரந்தையார் மீட்டனர் என்பது புறத்திணை இலக்கணம். தனக்கு உரிய பொருளைப் பிறர் கையினின்று பெறுவதே மீட்பு. உரிமையில்லாத பொருளை எடுத்துச் செல்வதற்குத் தமிழில் வேறு பெயர் உண்டு.

எனவே, "மனுவை மீட்டேன்" என ஒருவர் கூறும்போது அம்மனு தம்முடையது என்பதையும் சேர்த்தே கூறுகின்றார். கொடுத்த கடனைக் கேட்டு ஒருவர் தொடுத்த வழக்காயின் அக்கூற்று உண்மை. கடன் கொடுத்தவரும் வாங்கியவரும் தேநீர்க் கடையில் அமர்ந்து பேசித் தீர்த்துக்கொண்டால் மூன்றாமவர்க்கு அங்கு வேலையில்லை. ஆனால் நூறு பிள்ளைகள் படிக்கும் பள்ளியின் நிலத்துக்காக ஒருவர் தொடுத்த மனு அத்தகையதா? அவர் இட்டது கையொப்பம், நிலமோ பிள்ளைகளுடையது. கையொப்பம் இட்டவர் அதை அழிக்கலாம். பிள்ளைகளின் உரிமையை அவர் எவ்வாறு அழிப்பார்?

தேர்தல் மனு கற்பிக்கும் நெறி

இவ்வேறுபாடு வெறும் சொல்லாராய்ச்சி அன்று. சட்டம் இதனை நெடுங்காலமாக அறிந்துள்ளது. மலேசியச் சட்டமும் இந்தியச் சட்டமும் ஆங்கிலேய மரபென்னும் ஒரே அடிமரத்திற் கிளைத்தவை. தேர்தல் வழக்குகளை விசாரிக்கும் பொறுப்பை இங்கிலாந்தில் 1868ஆம் ஆண்டுச் சட்டம் நாடாளுமன்றக் குழுக்களிடமிருந்து நீதிபதிகளிடம் மாற்றியது. அம்மரபு, தேர்தல் மனுவை இருவருக்கிடைப்பட்ட வழக்காகக் கருதாமல், ஒரு தொகுதியின் தூய்மையைப் பற்றிய வழக்காகக் கருதிற்று. மலேசியாவின் 1954ஆம் ஆண்டுத் தேர்தல் குற்றச் சட்டத்தின் கீழும் தேர்தல் நீதிபதியின் இசைவின்றித் தேர்தல் மனுவைத் திரும்பப் பெறுதல் இயலாது.

இந்நெறி மிக விளங்கக் கூறப்பட்டிருப்பது இந்தியாவின் 1951ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தில். அங்குத் தேர்தல் மனு உயர் நீதிமன்றத்திலேயே தொடுக்கப்படுகிறது. அச்சட்டத்தின் 109, 110ஆம் பிரிவுகள் ஒவ்வோர் ஆசிரியரும் அறிந்துகொள்ளத் தக்கவை. உயர் நீதிமன்றத்தின் இசைவின்றி மனுவைத் திரும்பப் பெற முடியாது. மனுதாரர் பலராயின் அனைவரும் உடன்பட வேண்டும். தகாத பேரம் ஒன்றின் விளைவாகவே மனு திரும்பப் பெறப்படுகிறது என நீதிமன்றம் கருதினால் இசைவு வழங்கலாகாது. இசைவு வழங்கப்பட்டாலோ அச்செய்தி அரசிதழில் வெளியிடப்பட வேண்டும். வெளியான 14 நாள்களுக்குள், மனுத் தொடுக்கத் தகுதியுடைய வேறொருவர் முன்வந்து, விலகியவர் இடத்தில் நின்று வழக்கைத் தொடரலாம். மனுதாரர் இறந்துபட்டாற்கூட 112ஆம் பிரிவு இதே வாயிலைத் திறந்து வைக்கிறது.

இதன் பொருளை எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஒருவர் கயிற்றை விடும்போது சட்டம் ஊரைக் கூவி அழைக்கிறது: "இவர் கை ஓய்ந்துவிட்டது, பிடிப்பார் எவரேனும் உளரோ?" என்று வினவுகிறது. எவரும் வாராதபோதே மணி அடங்குகிறது. மறைவில் நிகழும் மீட்பைச் சட்டம் ஐயக் கண்ணோடு நோக்குகிறது. வெளிப்படையில் நிகழும் மீட்பை மதிக்கிறது.

சான்று ஒன்று காண்க. 2019இல் தூத்துக்குடி மக்களவைத் தொகுதியில் கனிமொழி வெற்றி பெற்றதை எதிர்த்துத் தமிழிசை சௌந்தரராஜன் சென்னை உயர் நீதிமன்றத்தில் தேர்தல் மனுத் தொடுத்தார். அவ்வாண்டு செப்டம்பர் மாதத்தில் அவர் தெலங்கானா மாநில ஆளுநர் பொறுப்பை ஏற்றார். மனுவைத் திரும்பப் பெற நீதிமன்றத்தை நாடினார். காரணம் ஊரறிந்தது, ஒளிவு மறைவு அற்றது. ஆயினும், ஆளுநரே ஆயினும், தாமே முடிவு செய்து விலகிவிட அவர்க்கு வழியில்லை. நீதிமன்றத்தின் இசைவு வேண்டும் என்பதே சட்டம். அதே வெற்றியை எதிர்த்து வாக்காளர் ஒருவர் தனியே தொடுத்த மனுவோ தொடர்ந்து நடந்து, உச்ச நீதிமன்றம் வரை சென்று, 2023 மே 4ஆம் நாள் தள்ளுபடியாயிற்று. வென்றவர் யார், தோற்றவர் யார் என்பது ஈண்டுப் பொருளன்று. எழுப்பப்பட்ட ஐயத்துக்கு விடை கிடைத்தது. வென்றவருக்கும் அதுவே நன்மை. விடையின்றி மீட்கப்பட்ட மனு, குற்றம் சாட்டப்பட்டவர் தலைமீதும் நிழலாக நின்றுவிடும்.

சிறையிலிருந்த சிறுவர்

தேர்தல் மனுவுக்கெனத் தனிச் சட்டம் உண்டு. ஏனைய பொதுநல மனுக்களுக்கு இந்நெறி பொருந்துமா என வினவுவோர் உளர். இவ்வினாவுக்கு 1988இல் இந்திய உச்ச நீதிமன்றம் விடையளித்தது. நீதிமன்றம் உச்ச நீதிமன்றமாயினும் நெறி எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் பொதுவானது.

ஷீலா பார்ஸே என்னும் பத்திரிகையாளர், 16 வயது நிரம்பாத சிறுவர்கள் இந்தியச் சிறைகளில் அடைக்கப்பட்டிருந்த கொடுமையைக் கண்டு மனங்கொதித்து உச்ச நீதிமன்றத்தில் மனுத் தொடுத்தார். பள்ளியில் இருக்க வேண்டிய பிள்ளைகள் அவர்கள். நீதிமன்றம் சிறைகளைப் பார்வையிட மாவட்ட நீதிபதிகளைப் பணித்தது. 1986இல் சிறுவர் மீதான வழக்குகளை விரைந்து முடிக்கக் காலவரை வகுத்தது. ஆயினும் மாநிலங்களின் விடைகள் காலந்தாழ்ந்தே வந்தன. ஒத்திவைப்புக்கு மேல் ஒத்திவைப்பு. மனம் சலித்த ஷீலா பார்ஸே, மனுவைத் திரும்பப் பெற அனுமதி வேண்டினார்.

அவருடைய சலிப்பு நேர்மையானது. விலைபோனார் என அவரை எவரும் கூறவியலாது. அத்தகையவருக்கும் நீதிமன்றம் அனுமதி மறுத்தது. பிறர்க்காக வழக்குத் தொடுத்தவரின் உரிமை, எவர்க்காகத் தொடுத்தாரோ அவர்தம் நலனுக்கு அடங்கியதே என அது தெளிவுறுத்திற்று. அவரை வழக்கினின்று விடுவித்து, அவரிடத்தில் உச்ச நீதிமன்றச் சட்ட உதவிக் குழுவை அமர்த்தி, வழக்கைத் தொடர்ந்தது. பசு போய்விட்டது என்பதற்காக மன்னன் துயிலவில்லை.

நல்லெண்ணத்தோடு விலகியவர்க்கே இவ்வெல்லை எனில், ஓரிரவுப் பேச்சில் மனம் மாறி விலகுவோர்க்கு எத்துணை எல்லை வேண்டும்!

மீட்டவர் மீண்டும் வர இயலுமா?

"இப்போது மீட்டுக்கொள்வோம், தேவையெனில் பின்னர் மீண்டும் தொடுப்போம்" என்பது மீட்போர் வழக்கமாகக் கூறும் ஆறுதல். இவ்வாறுதல் பெரிதும் மாயை.

இந்தியாவில் சர்குஜா போக்குவரத்து நிறுவனம் மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றத்தில் தொடுத்த மனுவைத் திரும்பப் பெற்றது; மீண்டும் தொடுக்கும் உரிமையைக் கேட்டுப் பெறவில்லை. பின்னர் அதே பொருள்பற்றி மற்றொரு மனுவோடு அதே நீதிமன்றத்தின் கதவைத் தட்டியபோது கதவு திறக்கவில்லை. 1986இல் உச்ச நீதிமன்றமும் அதுவே சரியென்றது. உரிமை கேட்காமல் மனுவைத் திரும்பப் பெற்றவர் அதே காரணத்துக்காக மீண்டும் உயர் நீதிமன்றத்தை நாட இடங்கொடுத்தால், தமக்கு உகந்த நீதிபதி அமரும் நாளை நோக்கி மனுக்களை எடுப்பதும் வைப்பதுமாக இருப்பர் என்பது அத்தீர்ப்பின் உட்கிடை. ஆளைக் கொணர்வதற்கான மனு போன்று உயிரும் உடலும் பற்றிய வழக்குகள் வேறு தன்மையன என அத்தீர்ப்பே விலக்கும் அளித்தது.

மலேசிய விதி இதனின்று சற்று மாறுபட்டது. 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 21ஆம் ஆணைப்படி, எதிர்வாதம் கிடைத்த 14 நாள்களுக்குள் வாதி ஒருவர் தாமாகவே வழக்கைக் கைவிடலாம். அதன்பின் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். அனுமதிக்கும்போது செலவுத் தொகை பற்றியும், மீண்டும் தொடுப்பது பற்றியும் நீதிமன்றம் நிபந்தனை விதிக்கலாம். நிபந்தனை ஏதும் இல்லையெனில், முன்னர்க் கைவிட்டது என்பதே பின்னர்த் தொடுக்கும் வழக்குக்குத் தடையாகாது. ஆகவேதான் மலேசிய நீதிமன்றங்களில் 'மீண்டும் தொடுக்கும் உரிமையோடு' என்றும் 'மீண்டும் தொடுக்கும் உரிமையின்றி' என்றும் இருவகையாகக் கூறுவர். இவ்விரு தொடர்களுக்கும் இடையிலுள்ள தொலைவு, உறக்கத்துக்கும் இறப்புக்கும் இடையிலுள்ள தொலைவு. நாளிதழின் நான்கு வரிச் செய்தியில் பெரும்பாலும் விடுபடுவது அத்தொடரே.

உரிமையோடு மீட்டாலும் காலம் காத்திராது. அரசுத்துறை ஒன்றின் முடிவை எதிர்த்து நீதித்துறை மறுஆய்வு கோருவோர், முடிவு தெரிந்த மூன்று மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தை நாட வேண்டும் என்பது 53ஆம் ஆணை. தோட்டப்புறப் பள்ளி ஒன்றை எண்ணிப் பார்க்க. பள்ளி நிலத்தைப் பற்றிப் பாதகமான முடிவு ஒன்று வருகிறது. பெற்றோர் உண்டியல் ஏந்தித் திரட்டிய பணத்தில் மறுஆய்வு மனு பதிவாகிறது. நான்காம் மாதத்தில் யாரோ ஒருவர் வருகிறார்; "மனுவை மீட்டுக்கொள்ளுங்கள்; மற்றதை அவர் பார்த்துக்கொள்வார்" என்கிறார். மனு மீட்கப்படுகிறது. பார்த்துக்கொள்வதாகச் சொன்னவர் அடுத்த தேர்தலுக்குப் பின் அத்திசையைப் பார்ப்பதும் இல்லை. பெற்றோர் மீண்டும் நீதிமன்றம் செல்லும்போது மூன்று மாதம் எப்போதோ கடந்துவிட்டது. நீதிமன்றம் தக்க காரணம் கண்டு காலத்தை நீட்டிக்கலாம். நீட்டித்தே ஆகவேண்டும் என்பதில்லை. வாய்ச்சொல்லை நம்பிக் காலங்கடத்தியதே தக்க காரணமென வாதிடும் நிலைக்கு அப்பெற்றோர் தள்ளப்படுவர்.

எதிரி மீட்டாலும் வெற்றியன்று

மீட்பின் குறைபாடு, தமிழர் தொடுக்கும் மனுவில் மட்டுமன்று. தமிழ்க்கல்விக்கு எதிராகத் தொடுக்கப்படும் மனுவிலும் உண்டு. தாய்மொழிப் பள்ளிகளின் இருப்பும், அவற்றில் தமிழும் சீனமும் பயிற்று மொழியாக இருப்பதும் மலேசியக் கூட்டரசு அரசியலமைப்புக்கு முரணானவை என்று சில அமைப்புகள் தொடுத்த வழக்கு ஆசிரியர் எவரும் மறக்கக்கூடியதன்று. 1996ஆம் ஆண்டுக் கல்விச் சட்டத்தின் சில பிரிவுகளே செல்லாதவை என அவை வாதிட்டன. தமிழ், சீனக் கல்வி சார்ந்த அமைப்புகளும் பிரதிவாதிகளாய் நின்று வாதாடின. 2021 டிசம்பர் 29ஆம் நாள் கோலாலம்பூர் உயர் நீதிமன்றம் தாய்மொழிப் பள்ளிகள் அரசியலமைப்புக்கு முரணானவை அல்ல எனத் தீர்ப்பளித்தது. 2023 நவம்பர் 23ஆம் நாள் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதனை நிலைநிறுத்தியது.

அவ்வழக்கை வாதிகள் இடைவழியிலேயே மீட்டிருந்தால் என்ன நேர்ந்திருக்கும்? தமிழ்ப்பள்ளிகளில் இனிப்பு வழங்கப்பட்டிருக்கும். நன்றிக் கூட்டங்கள் நடந்திருக்கும். எவரெவரோ தம்மால்தான் மீட்கப்பட்டது என மார்தட்டியிருப்பர். ஆனால் வினா வினாவாகவே நின்றிருக்கும். 152ஆம் பிரிவு காக்கும் மொழியுரிமை தமிழ்ப்பள்ளி வகுப்பறை வரை நீள்கிறதா என்பதற்கு உயர் நீதிமன்றத்தின் விடை கிடைத்திராது. மீட்டவர் மற்றொரு நாளில், மற்றொரு பெயரில், அதே மனுவோடு வந்திருக்கலாம். மீட்கப்பட்ட மனு உறையில் இட்ட வாள். தீர்க்கப்பட்ட மனுவே கட்டி முடித்த மதில். இன்று தமிழ்ப்பள்ளிக்கு இருப்பது மதில். அதனைத் தந்தது எதிரியின் இரக்கமன்று. இறுதிவரை நடந்த வழக்கு.

மறுப்போர் கூற்றும் விடையும்

இக்கருத்தை மறுப்போர் நான்கு வாதங்களை முன்வைப்பர். ஒவ்வொன்றும் எடைபோடத் தக்கதே.

"இணக்கம் நன்றன்றோ? வழக்கை வளர்ப்பது தமிழர்க்கு அழகா?" என்பது முதல் வாதம். இணக்கம் நன்றே. ஆனால் இணக்கத்துக்கும் மீட்புக்கும் வேறுபாடு உண்டு. இரு தரப்பும் உடன்பட்டதை எழுத்தில் வடித்து, நீதிபதிமுன் வைத்து, இணக்கத் தீர்ப்பாகப் பதிவு செய்யலாம். மீறியவரை அதே நீதிமன்றத்தில் கேள்வி கேட்கலாம். வாக்குறுதி உண்மையானதாயின் வாக்களித்தவர் அதனை எழுத்தில் தருவதற்கு ஏன் கூசுகின்றார்? எழுத்தில் தர மறுக்கப்படும் வாக்குறுதியை நம்பி மனுவை மீட்பது, பற்றுச்சீட்டு வாங்காமல் பள்ளிப் பணத்தைக் கொடுப்பதை ஒக்கும். எந்தத் தலைமையாசிரியரும் அதனைச் செய்யார்.

"தவறான மனுவையும் தொடர வேண்டுமா?" என்பது இரண்டாம் வாதம். வேண்டா. உண்மை தவறெனத் தெரிந்தாலோ, கேட்டது கிடைத்துவிட்டாலோ, வலுவான சான்றோடு மீண்டும் வருவதே அறிவுடைமை என வழக்கறிஞர் உரைத்தாலோ மீட்பதே முறை. பிழையை உணர்ந்து விலகுதல் பெருமை. ஆனால் அப்பெருமைக்கு மறைவு எதற்கு? "இன்ன காரணத்தால் விலகினோம்" என ஒரு பத்தி எழுதி வெளியிட எவ்வளவு நேரம் ஆகும்?

"வழக்கு ஆண்டுக்கணக்கில் இழுபடுகிறது; தீர்ப்பு வரும்போது பயனிராது" என்பது மூன்றாம் வாதம். இதில் பேருண்மை உண்டு. 2016இல் தமிழகத்து இராதாபுரம் சட்டமன்றத் தொகுதியில் இன்பதுரை 49 வாக்கு வேறுபாட்டில் அப்பாவுவை வென்றார். 203 அஞ்சல் வாக்குகள் செல்லாதவை எனத் தள்ளப்பட்டிருந்தன; அவற்றுக்குச் சான்றொப்பம் இட்டவர் நடுநிலைப்பள்ளித் தலைமையாசிரியர், அவர்க்கு அத்தகுதி இல்லை என்பதே கூறப்பட்ட காரணம். அப்பாவு சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினார். தேர்தல் மனுவை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்பது சட்டம். அவ்வாக்குகளையும் இறுதி மூன்று சுற்று வாக்குகளையும் மீண்டும் எண்ணுமாறு உயர் நீதிமன்றம் பணித்ததோ 2019 அக்டோபர் 1ஆம் நாள். எண்ணிக்கை நடந்தது, முடிவை அறிவிக்க உச்ச நீதிமன்றம் தடை விதித்தது, முடிவு அறிவிக்கப்படாமலேயே 2021இல் சட்டமன்றத்தின் காலம் முடிந்தது. மனுதாரர் கேட்டது உரிய காலத்தில் கிட்டவில்லை. ஆயினும் அவர் நடுவில் மீட்டிருந்தால், தலைமையாசிரியரின் கையொப்பம் மதிப்பற்றது என்ற கறை எதிர்ப்பின்றி நிலைத்திருக்கும். நீதிமன்றம் அவ்வாக்குகளைத் திறந்து எண்ணச் செய்திராது. தாமதம் நோய்; மருத்துவம் வேண்டுவது நீதிமன்றத்துக்கு. மணியை அறுத்தெறிவது மருத்துவமாகாது.

"மனுதாரர் தனியாள், அச்சுறுத்தலும் செலவும் அவரை நசுக்கும்போது அவர் என் செய்வார்?" என்பது நான்காம் வாதம். இதற்கு விடை கூற வேண்டியவர் மனுதாரர் அல்லர். அவரைத் தனியாள் ஆக்கியவர். மனுப் பதிவான நாளில் மாலையிட்ட கைகள் மூன்றாம் விசாரணை நாளில் எங்கே சென்றன? வழக்குத் தோற்றால் செலவுத்தொகை கட்ட வேண்டியவர் கையொப்பம் இட்டவரே என்பது ஊருக்குத் தெரியும். அதில் பங்கேற்க எத்தனை பேர் எழுந்தனர்? தேர்தல் சட்டம் "பிடிப்பார் உளரோ?" என அழைத்து 14 நாள் காத்திருக்கிறது. தமிழ்ச் சமுதாயம் ஒரு நாளேனும் அவ்வாறு அழைத்துக் கேட்டதுண்டா? விலகியவனைத் துரோகி எனத் தூற்றுவது எளிது. அவன் தோளில் இருந்த சுமையில் ஒரு பிடி வாங்கிக்கொள்வது அரிது. தூற்றுவோர் பலராகவும் தாங்குவோர் சிலராகவும் உள்ளவரை மனுக்கள் மீட்கப்பட்டுக்கொண்டேயிருக்கும். ஆகையால் குற்றத்திற் பாதி மீட்டவருடையது, மறுபாதி பார்த்திருந்தவருடையது.

ஆசிரியர் கடன்

இவையெல்லாம் வழக்கறிஞர் வேலை. வகுப்பறைக்கு என்ன தொடர்பு எனச் சில ஆசிரியர் எண்ணலாம். தொடர்பு வகுப்பறையிலேயே தொடங்குகிறது. கூரை ஒழுகும் வகுப்பு ஒன்றின் மாணவர் நாற்பதின்மர் சார்பில் வகுப்புத் தலைவன் தலைமையாசிரியரிடம் முறையீடு எழுதிக் கொடுக்கிறான் எனக் கொள்க. மறுநாள் அவனை மட்டும் ஒழுகாத இடத்துக்கு மாற்றி அமர்த்துகின்றனர். அவன் முறையீட்டைத் திரும்பப் பெறுகிறான். முப்பத்தொன்பதின்மர் நனைகின்றனர். அவ்வகுப்பு அன்று கற்ற பாடம் எது? எந்தப் பாடநூலும் கற்பிக்காத பாடத்தை அவர்கள் கற்றனர்: பொதுக்குறை என்பது தனி நன்மைக்குரிய படிக்கட்டு என்பது. இருபது ஆண்டுக்குப்பின் அவர்களுள் ஒருவர் பெற்றோர் ஆசிரியர் சங்கச் செயலாளராவார். அப்போது அவர் எதனைச் செய்வார் எனச் சொல்லவும் வேண்டுமோ?

ஆகவே, மனு மீட்பு பற்றிய செய்தியைப் படிக்கும்போது மூன்று வினாக்களை எழுப்ப மாணவரைப் பழக்குதல் ஆசிரியர் கடன். எந்தக் காரணத்தால் மீட்கப்பட்டது? எவரைக் கலந்து மீட்கப்பட்டது? மீண்டும் தொடுக்கும் உரிமையோடா, உரிமையின்றியா? மூன்றுக்கும் விடை இருந்தால் அம்மீட்பு நேர்மையானது, விலகியவரைப் பாராட்டுக. ஒன்றுக்கும் விடை இல்லையெனில் அங்குப் பசும்புல் கட்டு ஒன்று கைமாறியது என ஊர் ஐயுறுவதைத் தடுக்க முடியாது. உண்மையில் கைமாறாமலே இருந்திருக்கலாம். அந்நிலையில் மௌனம், குற்றமற்றவரையே குற்றவாளி ஆக்கிவிடுகிறது.

பொதுமக்கள் பெயரால் வழக்காட எழும் சங்கங்களுக்கும் இக்கடன் உண்டு. மனுத் தொடுக்குமுன் கூட்டம் கூட்டுவது போல் மீட்குமுன்னும் கூட்டம் கூட்டுக. பலர் கையொப்பத்தில் தொடுக்க. ஒருவர் விலகினும் மனு விலகாது. தண்டிய பணத்துக்குக் கணக்குக் காட்டுவது போல் கைவிட்ட வழக்குக்கும் கணக்குக் காட்டுக. இவற்றுக்குப் புதிய சட்டம் வேண்டா. பழைய நாணயம் போதும்.

சோழன் கதையை அடுத்த முறை கற்பிக்கும் ஆசிரியர், தேர்க்காலை மட்டும் காட்டி முடித்தல் வேண்டா. மணியையும் காட்டுக. அதன் கயிறு அரண்மனைக்குள் தொங்கவில்லை. தெருவிலிருந்து எட்டும் உயரத்தில் வாயிலில் தொங்கிற்று என்பதையும் கூறுக. ஒருவர் கை இழுத்தாலும் ஊரெல்லாம் கேட்பதற்காகவே அது அங்குக் கட்டப்பட்டது. இழுத்த கை ஓயலாம், அஞ்சலாம், விலகவும் செய்யலாம். கேட்ட காதுகள் கேட்கவில்லை என்று இனிச் சொல்ல முடியாது.